நம்பிக் கொடுக்க ஓர் இடம்

ஒரு முதியோர் இல்லம் நல்ல இடமா என்று தெரிந்துகொள்ள வேண்டுமானால் முன்வாசல் வழியாகப் போகக் கூடாது. பின்பக்கம் போய்த் துணி காயும் கொடியைப் பார்க்க வேண்டும். படுக்கையிலேயே மூத்திரம் போய்விடுகிற கிழவர்கள் இருக்கிற இடத்தில் தினமும் விரிப்பு துவைத்தாக வேண்டும். கொடி வெறுமையாகக் கிடந்தால் உள்ளே யாரோ ஈரத்தில் படுத்திருக்கிறார் என்று அர்த்தம். வாசலில் எவ்வளவு பெரிய பெயர்ப்பலகை இருந்தாலும் சரி, நான் முதலில் பார்ப்பது கொடியைத்தான்.

நீங்களும் உங்கள் பிறந்தநாளுக்கு ஏதோ ஒரு இல்லத்துக்கு அரிசி வாங்கிக் கொடுத்ததாகச் சொன்னீர்கள், இன்ஸ்பெக்டர் அம்மா. போன மார்கழியில் அந்தப் பெரியவரை அடக்கம் செய்த அன்று, நாம் இரண்டு பேரும் வேப்பமரத்தடியில் நின்றுகொண்டிருந்தபோது சொன்னீர்கள். அடுத்த தடவை கொடியைப் பார்த்துவிட்டுக் கொடுங்கள். நான் இன்றைக்கு வந்தது ஒரு சான்றிதழ் விஷயமாக. அதைக் கேட்பதற்கு முன்னால் கொஞ்சம் சொல்ல வேண்டியிருக்கிறது.

எனக்குப் புளியங்குடி. பெயர் இசக்கித்தாய். என் வீட்டுக்காரர் எலுமிச்சை கமிஷன் மண்டி வைத்திருந்தார். எலுமிச்சை மூட்டையில் மேலே கிடக்கிற பழம் எப்போதும் நன்றாகத்தான் இருக்கும். அடியில் இருப்பதுதான் சரக்கு. அவர் மேல்பழத்தை ஒன்று எடுத்து முகர்ந்து பார்த்துவிட்டு, "சரி, எறக்குங்க" என்பார். நான் மதியச் சாப்பாடு கொண்டுபோகிற நாட்களில் மூட்டையைக் கவிழ்க்கச் சொல்லுவேன். விவசாயிகளுக்கு என்னைக் கண்டால் ஆகாது. அவரைக் கும்பிடுவார்கள்.

நன்கொடையிலும் அவர் அப்படித்தான். ரசீதுப் புத்தகத்தோடு யார் வந்து நின்றாலும் உட்காரவைத்துக் காப்பி வாங்கிக்கொடுத்து, கேட்டதைக் கொடுத்து அனுப்புவார். கோயில் கொடை, அநாதை இல்லம், கண் சிகிச்சை முகாம், எங்கேயோ வெள்ளம், எதுவானாலும் சரி. "அந்த இல்லத்த நீங்க போய்ப் பாத்தியளா?" என்று கேட்டால், "கேட்டு வந்தவன்கிட்ட வெசாரணையா வைக்க முடியும்?" என்று சிரிப்பார். அவருக்குப் போட்ட சால்வைகளே ஒரு பீரோ நிறைய இருந்தன. அவற்றில் ஒன்றைக்கூட உருப்படியாகப் போர்த்திக்கொள்ள முடியாது. எல்லாம் சரிகை, உடம்பில் குத்தும்.

மூன்று வருடத்துக்கு முன்னால் மண்டியிலேயே விழுந்தார். வலது கையும் காலும் போயின, பேச்சும் போயிற்று. ஆனால் எல்லாம் புரியும். காலையில் பேப்பரை மடியில் வைத்துக்கொண்டு வரி வரியாகப் படிப்பார். எழுதச் சொன்னால் மட்டும் இடது கையில் கோடுதான் வரும். சோற்றை மோர் விட்டுக் குழையப் பிசைந்து, வாயின் இடது பக்கமாக வைக்க வேண்டும். வலது பக்கம் வைத்தால் வெளியே வழிந்துவிடும், அது அவருக்கு வெட்கம். பிறகு வாயைத் திறக்க மாட்டார். அதனால் கதவைச் சாத்திவிட்டுத்தான் ஊட்டுவேன்.

எங்களுக்குப் பிள்ளை இல்லை. ரசீதுப் புத்தகக்காரர்கள் முதல் மாதம் ஆப்பிளும் ஹார்லிக்ஸும் கொண்டுவந்தார்கள், பிறகு வரவில்லை. அவர் பேசமாட்டார், நான் பேசினால் பதில் வராது. செல்போன் கம்பெனியிலிருந்து பதிவுசெய்த குரலில் ஒரு பெண் பேசுவாளே, ரீசார்ஜ் செய்யுங்கள் என்று, அதைக்கூட நான் முடியும்வரை கேட்டிருக்கிறேன். அந்த வீட்டில் எனக்கு அவ்வளவு தனிமை. அவர்மேல் எனக்குக் கோபம் எதுவும் இல்லை. அதை எழுதிக்கொள்ளுங்கள்.

பிறகு எனக்கு மூச்சு வாங்க ஆரம்பித்தது. திருநெல்வேலியில் பார்த்த டாக்டர், இதயத்தில் கோளாறு, ரொம்பக் காலம் தள்ளாது என்றார். நான் எனக்காகக் கவலைப்படவில்லை. எனக்குப் பிறகு இவருக்கு யார் சோறு ஊட்டுவார்கள்? அது ஒன்றுதான் என் கவலை. வீடு இருக்கிறது, அவர் பெயரில். அதை ஒரு நல்ல இல்லத்துக்குக் கொடுத்துவிட்டு, அவரையும் அங்கே சேர்த்துவிட வேண்டும் என்று முடிவு செய்தேன். யார் கேட்டாலும் இது நியாயமான முடிவுதான்.

இல்லங்களைப் போய்ப் பார்க்க ஆரம்பித்தேன். ஓர் இடத்தில் வீட்டைப் பற்றிச் சொல்லி முடிப்பதற்குள் ஒரு கட்டிலுக்குப் புது விரிப்பு வந்துவிட்டது. மேனேஜர் ஒரு தாத்தாவின் வாயில் இட்லியை ஊட்டினார், பக்கத்தில் ஒருவர் போட்டோ எடுத்தார். தாத்தாவுக்கு இரண்டு கையும் நன்றாகத்தான் இருந்தன. பின்பக்கம் போனேன், கொடியில் ஒரு காக்கா உட்கார்ந்திருந்தது. இன்னோர் இடத்தில் அன்றைய மதியச் சாப்பாடு என் செலவு என்று சொல்லிப் பணம் வாங்கிக்கொண்டார்கள். நான் போவதற்குச் சற்று முன்னால் அதே சாப்பாட்டுக்கு ஒரு பிறந்தநாள் வீட்டுக்காரர்களும் பணம் கொடுத்துவிட்டுப் போயிருந்தார்கள். பாவம், அந்தக் கிழவிகள் ஒரே சாம்பாருக்கு இரண்டு தடவை கைதட்டினார்கள்.

அப்போதுதான் எனக்கு ஒன்று விளங்கியது. கொடுக்க வீடு வைத்திருக்கிறவளுக்கு எந்த இல்லமும் உண்மையைக் காட்டாது. ஒன்றுமே இல்லாமல் போய் நிற்கிறவனுக்குத்தான் மூட்டையின் அடி தெரியும்.

சங்கரன்கோவிலிலிருந்து திருவேங்கடம் போகிற ரோட்டில், கரிசல் காட்டுக்கு நடுவில் ஞானபாக்கியத்தின் இல்லம் இருக்கிறது. உங்களுக்குத் தெரியும். முன்னால் மிஷன் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவள். பஸ் ஜன்னலிலிருந்தே கொடியைப் பார்த்தேன். நிறைந்து கிடந்தது. ஒவ்வொரு வருடமும் சங்கரன்கோவிலில் ஆடித்தபசுத் திருவிழா முடிந்த மறுநாள் அவளுடைய வேன் ஊருக்குள் சுற்றும் என்று சொன்னார்கள். தபசுக் கூட்டத்தில் பெற்றவர்களை விட்டுவிட்டுப் போகிறவர்கள் உண்டு. சாமி பார்க்கக் கூட்டிவந்து, இங்கன இரு, பழம் வாங்கிட்டு வாரேன் என்று சொல்லிவிட்டு பஸ் ஏறிவிடுவார்கள். அப்படி விடப்பட்டவர்களை அவள் கொண்டுபோய் வைத்துக்கொள்வாள், யார் என்ன என்று துருவ மாட்டாள். நல்ல இடம்போலத்தான் இருந்தது. ஆனால் கேள்விப்பட்டதை வைத்துக்கொண்டு கட்டின புருஷனை ஒப்படைக்க முடியுமா?

அவரிடம் சொல்லாமல் செய்யவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து விளக்கமாகச் சொன்னேன். "ஒரே ஒரு வாரம். அந்த எடம் நல்லதான்னு பாக்கணும்லா. யாரு கேட்டாலும் ஒண்ணும் தெரியாதுன்னு தலைய ஆட்டுங்க. நான் வந்து நின்னாலும் என்னையத் தெரியாதுன்னுதான் ஆட்டணும். ஒரு வாரத்துல கூட்டிட்டு வந்துருவேன்." அவர் என்னை ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு சரி என்று தலையசைத்தார். அவர் யாரையும் நம்புவார் என்று முதலிலேயே சொன்னேன்.

ஒரு மாதம் தாடி வளர விட்டேன். தபசுக்கு மறுநாள் காலையில் சாயம்போன கைலியோடு அவரை ரத வீதியில் பூட்டிக்கிடந்த ஒரு கடை வாசலில் உட்காரவைத்துவிட்டு, எதிரே டீக்கடையில் போய் உட்கார்ந்தேன். வீதி முழுக்கக் காகிதமும் பொரியுமாகக் கிடந்தது. எங்கள் மண்டிக்கு வந்து அவருக்குச் சால்வை போட்டுப் பணம் வாங்கிப்போன ஒருவர் அந்த வழியாக வந்தார். இவரை அவருக்கு அடையாளம் தெரியவில்லை. ஒரு நாணயத்தை இவர் மடியில் போட்டுவிட்டுப் போனார். என் வீட்டுக்காரர் அதை எடுத்து இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். எனக்குக்கூடக் கொஞ்சம் சிரிப்பு வந்தது.

உச்சிவேளைக்கு வேன் வந்தது. ஞானபாக்கியம் இறங்கி, அவருக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். எந்த ஊர், என்ன பெயர் என்று அவள் கேட்கவில்லை. "சாப்பிட்டியளாய்யா?" என்றுதான் கேட்டாள். டீக்கடையில் இருந்தபடியே அவளுக்கு முதல் மதிப்பெண் போட்டேன்.

ஒரு வாரம் கழித்து, ஊறுகாய்க்கு ஒரு சாக்கு எலுமிச்சையோடு இல்லத்துக்குப் போனேன். கழுத்தில் தங்கம் கிடந்தால் மேல்பழத்தைத்தான் காட்டுவார்கள் என்பதால், பஸ்ஸிலேயே தாலிச் சங்கிலியைக் கழற்றி மணிபர்சில் போட்டுக்கொண்டேன். தாலி இல்லாத கழுத்துக்கு மேலே பொட்டு மட்டும் எதற்கு என்று அதையும் எடுத்துவிட்டேன். திரும்பும்போது புளியங்குடி பஸ் ஸ்டாண்டு வருவதற்குள் இரண்டையும் போட்டுக்கொள்வேன். வீட்டுக்கு எதிரே இருக்கிற பஸீலா, "அண்ணாச்சி எங்க, காணல?" என்று கேட்டதற்கு, மதுரையில் வைத்தியத்துக்கு விட்டிருக்கிறேன் என்று சொல்லியிருந்தேன்.

அவர் நன்றாக இருந்தார். நகம் வெட்டி, தாடியை ஒதுக்கிவிட்டு, சுத்தமான சட்டை போட்டு ஜன்னலோரக் கட்டிலில் உட்காரவைத்திருந்தார்கள். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கப் போனார். பிறகு நான் சொன்னது ஞாபகம் வந்து முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். யாரும் கேட்காமலே தெரியாது என்று தலையை வேறு ஆட்டினார். எவ்வளவு சரியாகச் செய்கிறார் என்று எனக்குப் பெருமையாக இருந்தது.

ஞானபாக்கியம் என்னைச் சமையற்கட்டுக்குக் கூட்டிப்போய் டீ கொடுத்தாள். என் கழுத்தைப் பார்த்தாள்.

"அண்ணாச்சி போயி நாளாச்சாக்கா?"

"ஆமா" என்றேன். யோசித்துச் சொன்னதில்லை, வாயில் சாதாரணமாக வந்தது. அவள் உரித்துக்கொண்டிருந்த சின்ன வெங்காயத்தைக் கீழே வைத்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் கை ஈரமாக இருந்தது. என்னை யாரும் அப்படித் தொட்டு எத்தனையோ காலம் ஆகியிருந்தது. நான் அழுதேன். எதற்கு அழுதேன் என்று அவளுக்குத் தெரிந்ததாக அவள் நினைத்துக்கொண்டாள்.

அன்றைக்கு அவரைக் கூட்டிவரவில்லை. முதல் வாரம் எந்த இல்லமும் நன்றாகத்தான் இருக்கும். மழைக்காலம் வர வேண்டும், சமையல்காரி லீவு போட வேண்டும், கையில் காசு இல்லாத மாதம் ஒன்று போக வேண்டும். அப்போது தெரியும் சரக்கு. அதனால் அடுத்த வாரமும் போனேன். அதற்கடுத்த வாரமும் போனேன். அவர் ஒவ்வொரு தடவையும் வாசலைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். நான் அவர் கட்டிலைத் தாண்டிச் சமையற்கட்டுக்குப் போவேன்.

இல்லத்துக்கு உதவுகிறவர்களின் செல்போனுக்கு ஞானபாக்கியம் சாப்பாட்டுப் படங்களை அனுப்புவாள். இரண்டு வரிசையாக உட்கார்ந்து எல்லோரும் சாப்பிடுகிற படம். நான் வீட்டில் இருந்தபடி அதைப் பெரிதாக்கி அவரைப் பார்ப்பேன். சட்டை கசங்கியிருக்கிறதா, மெலிந்திருக்கிறாரா, எல்லாம் பார்ப்பேன். எல்லார் முன்னிலையிலும் இடது கையால் சாப்பிடப் பழகியிருந்தார். வலது பக்கம் கொஞ்சம் வழிந்திருக்கும். எதிரே உட்கார்ந்திருந்தபோது பார்த்ததைவிட அந்த நாட்களில் அவரை அதிகமாகப் பார்த்திருக்கிறேன் என்றே சொல்லலாம்.

ஞானபாக்கியத்துக்கு ஒரு மகன், ஜாஸ்பர். பெங்களூரில் வேலை, போன் பண்ணமாட்டான். "நீங்க வந்தாத்தான்க்கா எனக்கும் மனுச மக்களோட பேசுத மாதிரி இருக்கு" என்பாள். நாங்கள் வெங்காயம் உரிப்போம், கீரை ஆய்வோம், பேசிக்கொண்டே இருப்போம். எனக்கென்று ஒரு தம்ளர் தனியாக வைத்திருந்தாள். வேறு யாராவது எடுத்தால், "ஏட்டி, அது அக்கா தம்ளரு" என்று வேலைக்காரப் பெண்ணைச் சத்தம் போடுவாள். வீட்டுக்கு வந்து படுத்தால் நன்றாகத் தூக்கம் வந்தது.

உண்மையைச் சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கேட்கிறீர்கள். சோதனை முடிந்திருக்கும். அவர் வீட்டுக்கு வந்திருப்பார். அந்தத் தம்ளரில் அப்புறம் வேறு யாராவது டீ குடித்திருப்பார்கள். ஆனால் இதெல்லாம் நான் அப்போது யோசித்ததல்ல. நீங்கள் கேட்டதால் இப்போது யோசித்துப் பார்க்கிறேன்.

ஐப்பசியில் ஒருநாள் அவள் கேட்டாள். "அண்ணாச்சி நெனவு நாளு எப்பம்க்கா? நம்ம இல்லத்துல வச்சே சாப்பாடு போட்டுருவோம். எல்லாரும் எந்திச்சு நின்னு ஜெபம் பண்ணுவோம்."

மறுத்தால் ஒரு மாதிரி ஆகிவிடும். ஏதாவது ஒரு தேதி சொல்ல வேண்டும், எங்கள் கல்யாண நாள்தான் வாயில் வந்தது. பிறகு பலகையில் எழுதுவதற்குப் பெயர் கேட்டாள். சாப்பாட்டுக் கூடத்தில் ஒரு கரும்பலகை உண்டு, யார் நினைவாக அன்றைய சாப்பாடு என்று அதில் எழுதுவார்கள்.

இங்கேதான் நான் தப்பு செய்துவிட்டேன். வாய்க்கு வந்த ஒரு பெயரைச் சொல்லியிருக்கலாம். யாருக்குத் தெரியப்போகிறது? ஆனால் வேறொரு ஆண்பிள்ளையின் பெயரை என் புருஷன் பெயர் என்று எப்படிச் சொல்வது? எத்தனை வயதானால் என்ன, குடும்பப் பெண்ணுக்கு அது வராது. சொந்தப் புருஷன் பெயரையும் நான் வாயால் சொல்வதில்லை. அவள் கையிலிருந்த சாக்பீஸை வாங்கிப் பலகையில் நானே எழுதினேன். அமரர் என்று போட்டு, அவர் பெயரை, அவர் அப்பா பெயரின் முதலெழுத்தோடு.

எல்லோரும் வந்து வரிசையில் உட்கார்ந்தார்கள். அவருடைய இடம் பலகைக்கு நேர் எதிரே. அவர் படிப்பதை நான் பார்த்தேன். பேப்பர் படிக்கிறபோது செய்வதுபோல உதடு அசைந்தது. ஒருதடவை படித்தார், பிறகு மறுபடியும் முதலிலிருந்து படித்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

ஞானபாக்கியம் எல்லோரையும் எழுந்து நிற்கச் சொன்னாள். முடியாதவர்கள் உட்கார்ந்தே இருக்கலாம் என்றும் சொன்னாள். அவர் கம்பை ஊன்றி எழுந்து நின்றார். அந்த ஆத்மா இளைப்பாற வேண்டும் என்று அவள் ஜெபித்து முடிக்கும்வரை உட்காராமல் நின்றார்.

சாப்பாடு கொடுக்கிற வீட்டார் தங்கள் கையால் பாயசம் பரிமாற வேண்டும் என்பது அங்கே வழக்கம். நான் வாளியோடு வரிசையில் வந்தேன். அவர் தட்டுக்கு முன்னால் வந்து குனிந்தபோது, இடது உள்ளங்கையைத் தட்டின்மேல் விரித்து மூடினார். நான் அடுத்த தட்டுக்குப் போனேன்.

அன்றிலிருந்து அவர் சரியாகச் சாப்பிடவில்லை. போகும்போதும் வரும்போதும் பலகைக்கு முன்னால் போய் நின்றாராம். வேறு பெயர் எழுதின பிறகும் நின்றிருக்கிறார். ஞானபாக்கியத்துக்கு ஏதோ தட்டுப்பட்டிருக்கிறது. நான் போயிருந்தபோது என்னை அவர் கட்டிலுக்குப் பக்கத்தில் கூட்டிப்போனாள்.

"இந்த அய்யா அண்ணாச்சியத் தெரிஞ்சவரோ என்னமோ தெரியலக்கா. அந்தப் பேரப் பாத்ததுல இருந்து இப்பிடித்தான் இருக்காரு."

"இருக்கலாம். அவருக்கு ஊரெல்லாம் பழக்கம்" என்றேன்.

அவள் அவர் முகத்துக்கு நேரே குனிந்து, என்னைக் கை காட்டினாள். "அய்யா, இவங்க யாருன்னு தெரியுதா?"

அவர் தலையசைத்தால் எல்லாம் முடிந்தது. அவர் என்னைப் பார்த்தார். வீட்டில் வைத்து நான் அந்த ஏற்பாட்டைச் சொன்னபோது பார்த்தாரே, அதே மாதிரி ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு தெரியாது என்று தலையை ஆட்டினார்.

நான் சொல்லிக்கொடுத்ததைத்தான் செய்தார். அவருக்கும் இதில் சம்மதம் என்றுதான் நான் எடுத்துக்கொண்டேன். வேறு எப்படி எடுத்துக்கொள்வது?

கார்த்திகையில் அவர் வாயைத் திறப்பதே நின்றுபோயிற்று. ஞானபாக்கியம் போன் செய்தாள். "ஒங்க மொகத்தப் பாத்தா ஒரு வாய் திம்பாரோ என்னமோ, வாங்களேன்க்கா." நான் போய் ஒரு நாற்காலியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். அவள் ஒரு கிண்ணத்தில் கஞ்சி வைத்துக்கொண்டு மணிக்கணக்காக அவரோடு மல்லுக்கட்டினாள். கொஞ்சினாள், பாட்டுப் பாடினாள், கோபித்துக்கொண்டாள். வலது பக்கமாகவே வைத்தாள். அவள் உட்கார்ந்திருந்த பக்கம் அது. வழிந்ததையெல்லாம் துடைத்துத் துடைத்து மறுபடியும் வலது பக்கமே வைத்தாள். சாப்பிட மறுக்கிற ஒரு கிழவரை ஓர் இல்லம் எப்படி நடத்துகிறது என்பதைவிடப் பெரிய சோதனை இல்லை. நான் இடையில் புகுந்து எதுவும் சொல்லவில்லை. சொன்னால் அது சோதனை ஆகாது. எனக்கு எப்படித் தெரியும் என்றும் அவள் கேட்பாள். டாக்டரைக் கூட்டிவந்தாள், டிரிப்ஸ் ஏற்றினாள், எதற்கும் குறை வைக்கவில்லை. மார்கழியில் ஒரு விடியற்காலையில் அவர் போய்விட்டார்.

யாரும் உரிமை கோராத உடல் என்பதால் ஸ்டேஷனுக்குச் சொன்னார்கள், நீங்கள் வந்தீர்கள். அடக்கச் செலவை நான் ஏற்றுக்கொண்டேன் என்று கேட்டதும், "ஒங்களுக்குத் தங்கமான மனசும்மா" என்றீர்கள். ஞானபாக்கியம் என் முழங்கையைப் பிடித்துக் குழியருகே கூட்டிப்போனாள். "ஒரு பிடி மண்ணு நீங்களும் போடுங்கக்கா. பாவம், அவருக்குன்னு யாருமில்ல." போட்டேன். கரிசல் மண், ஈரமாகக் கையில் ஒட்டிக்கொண்டு விழவில்லை. அதைக் கழுவிவிட்டு பஸ் ஏறி, பொட்டும் தாலியும் போட்டுக்கொண்டு புளியங்குடியில் இறங்கினேன். தெருக்காரர்களுக்கு இன்றுவரை அவர் மதுரையில்தான் இருக்கிறார்.

சோதனை முடிந்தது. அதைவிட நல்ல இடம் இந்தப் பக்கத்தில் இல்லை. வீட்டை அவர்களுக்கு எழுதிவைத்துவிடலாம் என்று பத்திரம் எழுதுகிறவரிடம் போனேன். வீடு வீட்டுக்காரர் பெயரில் இருக்கிறது, அவர் இறப்புச் சான்றிதழ் வேண்டும் என்றார். அவர் இறந்ததாகத்தான் எங்கேயும் இல்லையே. பெயர் தெரியாத ஆண் என்றல்லவா நீங்கள் பதிந்தீர்கள்.

வேறு வழியில்லாமல் நேற்றுப் போய் ஞானபாக்கியத்திடம் சொன்னேன். இப்போது உங்களிடம் சொன்னதுபோலவே வரிசையாக, எதையும் விடாமல் சொன்னேன். அவள் வெங்காயம் உரித்துக்கொண்டுதான் இருந்தாள். நான் முடித்த பிறகும் உரித்துக்கொண்டிருந்தாள். கடைசி வெங்காயத்தையும் உரித்துப் போட்டுவிட்டு, "இடது பக்கமா ஊட்டணும்னு ஒரு வார்த்த சொல்லிருக்கலாம்லாக்கா" என்றாள்.

நான் வீட்டு விஷயத்துக்கு வந்தேன்.

"ஒங்க வீடு எங்களுக்கு வேண்டாம். யாரு குடுத்தா வாங்கலாம், யாரு குடுத்தா வாங்கக்கூடாதுன்னு நாங்களும் பாக்கணும்லா" என்றாள். நான் குடித்து வைத்திருந்த தம்ளரை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனாள். கழுவுகிற சத்தம் கேட்கும் என்று காத்திருந்தேன், கேட்கவில்லை. அவளும் திரும்பி வரவில்லை. இன்று காலையிலிருந்து என் போனையும் எடுக்கவில்லை.

உண்மையைச் சொல்லட்டுமா? எனக்கு அந்த நேரத்திலும் ஒரு நிறைவு இருந்தது. ஒரு முழு வீட்டை வேண்டாம் என்று சொல்கிற இல்லத்தை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா? நான் எவ்வளவு சரியான இடத்தைத் தேர்ந்தெடுத்திருக்கிறேன். அவர் இப்போது பக்கத்தில் இருந்திருந்தால் காட்டியிருப்பேன், பார்த்தியளா, மூட்டையைக் கவிழ்த்துப் பார்த்தால்தான் தெரியும் என்று.

உங்களிடம் இரண்டு காரியம் கேட்கிறேன். அந்தப் பெயர் தெரியாத ஆண் என் வீட்டுக்காரர்தான் என்று பதிந்து சான்றிதழுக்கு வழி செய்யுங்கள். அப்புறம், ஞானபாக்கியத்திடம் ஒரு வார்த்தை சொல்லுங்கள். எனக்கும் நாள் அதிகம் இல்லை. அவர் படுத்திருந்த ஜன்னலோரக் கட்டில் இன்னும் காலியாகத்தான் இருக்கிறது. யார் என்ன என்று துருவாத இடம் அது, அதை நானே பார்த்து உறுதி செய்திருக்கிறேன். நீங்கள் சொன்னால் அவள் கேட்பாள். என்மேல் என்ன வழக்குப் போட வேண்டுமோ போட்டுக்கொள்ளுங்கள். அவரை அங்கே விட்டது நான்தான். ஒரு வார்த்தை சொல்லாமல் உட்கார்ந்திருந்ததும் நான்தான்.

என்ன, பதிவதற்கு அவர் பெயரா?

அதை மட்டும் என்னைச் சொல்லச் சொல்லாதீர்கள், அம்மா. கட்டினவள் வாயால் பெயரைச் சொன்னால் புருஷனுக்கு ஆயுள் குறையும் என்பார்கள் எங்கள் பக்கத்தில். கல்யாணம் ஆன நாளிலிருந்து ஒருதடவைகூட நான் சொன்னதில்லை. ஒரு தாள் கொடுங்கள், எழுதித் தருகிறேன்.